தோலைக் கேட்டால் தெரியும்

எங்கள் தொழிலுக்கென்றே பிறந்த சொல் ஒன்று ஊர் சுற்றப் போய்விட்டது. டானின். தேயிலைப் பெட்டியில் அது இருக்கிறது, மூலிகைப் பொடி டப்பாவில் இருக்கிறது, மாட்டுத் தீவனத் துண்டறிக்கையில் இருக்கிறது. இயற்கைச் சாயம் போடுகிறவர்கள் சொல்கிறார்கள். திராட்சை மதுவைச் சுவைத்து எழுதுகிறவர்களும் சொல்கிறார்கள். தாராளமாகச் சொல்லட்டும். ஆனால் எல்லோரும் ஒரே பொருளைத்தான் சொல்கிறார்களா என்று கிட்டப் போய்ப் பார்த்தால், இல்லை. வடாற்காட்டுத் தோல் ஷாப் ஒன்றில் பட்டைத் தொட்டிகளோடு வயதைக் கழித்தவன் நான். அந்த உரிமையில் கொஞ்சம் பேசலாம் என்று தோன்றுகிறது.

பிரான்சில் புரட்சிக்குப் பிந்தைய ஆண்டுகள். படைகளுக்குப் பூட்ஸ் வேண்டும். ஓக் மரப்பட்டையோடு குழியில் அடுக்கிப் பதனிடும் பழைய முறையில் கனத்த மாட்டுத்தோல் ஒன்று தயாராக ஒரு வருடத்துக்கு மேல்கூட ஆகும். போர் அவ்வளவு நாள் காத்திருக்காது. அதை விரைவாக்கும் முறை ஒன்றைத் தேடியவர் அர்மான் செகென் என்ற வேதியியலாளர். பட்டைச் சாற்றுக்குள் எதுவோ ஒன்று இருந்துகொண்டு பச்சைத்தோலை அழுகாத தோலாக மாற்றுகிறது. அந்த எதுவோ ஒன்றுக்கு 1796இல் அவர் டானின் என்ற பெயரைக் கையாண்டார். அதன் வாய்பாடு அவருக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள அப்போது வழியும் இல்லை. அது செய்யும் வேலை தெரியும், அவ்வளவுதான். சில ஆண்டுகளில், 1803இல், லண்டனில் ஹம்ஃப்ரி டேவி துவர்ப்புள்ள தாவரப் பொருள்களை வரிசையாக எடுத்துச் சோதித்தார். அவர் மேசையில் இருந்தவற்றில் பம்பாயிலிருந்தும் வங்காளத்திலிருந்தும் போன காசுக்கட்டியும் உண்டு. வெற்றிலையோடு நாம் மெல்லும் அதே காசுக்கட்டி ஓக் பட்டையைவிடப் பல மடங்கு வீரியமாகத் தோலைப் பதனிடுகிறது என்று கண்டார்.

இந்தப் பிறப்பு வரலாறு ஏன் முக்கியம் என்றால், டானின் என்ற சொல் இன்றைக்கும் அந்தப் பிறவிக் குணத்தை விடவில்லை. உப்பு, சர்க்கரை, யூரியா என்றால் ஒரு வாய்பாட்டை எழுதிக் கொடுத்துவிடலாம். டானினுக்கு அப்படி ஒரு வாய்பாடு கிடையாது. கடுக்காயில் இருப்பது ஒரு கூட்டம், ஆவாரம்பட்டையில் இருப்பது வேறு கூட்டம், மாசிக்காயில் இன்னொன்று. பிறப்பும் வேறு, அமைப்பும் வேறு. தோலிடம் போய் ஒரே வேலையைச் செய்கின்றன என்பதால் ஒரே பெயர். 1962இல் பேட்-ஸ்மித், ஸ்வெயின் என்ற இரு ஆங்கிலேயத் தாவர வேதியியலாளர்கள் எழுதிய வரையறைதான் பாடப்புத்தகங்களில் இன்னும் ஓடுகிறது: நீரில் கரைய வேண்டும், ஃபீனால் வகையாக இருக்க வேண்டும், மூலக்கூறு எடை 500க்கும் 3000க்கும் இடையே இருக்க வேண்டும், ஜெலட்டின் போன்ற புரதங்களையும் ஆல்கலாய்டுகளையும் கரைசலிலிருந்து வீழ்படிவாக்க வேண்டும். வேதியியலாளர்கள் எழுதிய வரையறையிலும் கடைசிச் சொல் செயலுக்குத்தான் போகிறது.

அந்த 500, 3000 என்ற எண்களைத் தொட்டியருகே நின்று பார்த்தால் உடனே விளங்கும். தோலின் சதைப்பகுதி முழுக்கக் கொலாஜன் என்ற புரத இழை. மூன்று சரடுகள் முறுக்கிக்கொண்ட கயிறுகள் கற்றை கற்றையாகப் பின்னிக் கிடக்கின்றன. டானினுக்குக் கை நிறைய ஹைட்ராக்சில் தொகுதிகள். ஒரு கையால் ஓர் இழையையும் மறு கையால் பக்கத்து இழையையும் பிடித்தால்தான் தோல் பதமாகும். மூலக்கூறு சிறிதாக இருந்தால் ஓர் இழையைத் தொடும், அடுத்ததை எட்டாது. கேலிக் அமிலத்தின் மூலக்கூறு எடை 170, கடுக்காயிலும் மாசிக்காயிலும் அது உண்டு, தோலைப் பதனிடாது. காசுக்கட்டியில் உள்ள கேட்டகின் 290. அதுவும் தனியாக நின்று பெரிதாக ஒன்றும் செய்யாது. காசுக்கட்டியில் அந்தக் கேட்டகின்கள் பல ஒன்றோடொன்று கோத்து உண்டான பெரிய மூலக்கூறுகள்தான் டேவியைக் கவர்ந்தவை. அதற்காக மிகப் பெரிதாகிவிட்டாலும் பயனில்லை. நீரில் கரையாது, இழைக்கூட்டத்துக்குள் நுழையாது, தொட்டியின் அடியில் செந்நிறச் சேறாகப் படிந்துவிடும். அந்தச் சேற்றை வாரிக் கொட்டியவர்களுக்கு 3000 என்ற எல்லையைப் பாடம் நடத்தத் தேவையில்லை.

தொழிலின் சூட்சுமம் நிதானத்தில் இருக்கிறது. சுண்ணாம்பில் ஊறி மயிர் நீங்கிய தோலில் முதலில் சுண்ணாம்பு முழுக்கப் போக வேண்டும். தடித்த இடத்தில் ஒரு வெட்டு வெட்டி ஃபீனால்ஃப்தலீன் சொட்டு விட்டால், உள்ளே சுண்ணாம்பு மிச்சமிருந்தால் ரோஜா நிறக் கோடு தெரியும். அந்தக் கோட்டோடு பட்டைச் சாற்றில் இறக்கினால் சுண்ணாம்பும் டானினும் சேர்ந்து கருத்த கறைகளை உண்டாக்கும். பிறகு எந்த வித்தையும் அந்தக் கறையை எடுக்காது. அடுத்து, புதுச் சாற்றில் தோலை ஒருநாளும் இறக்கக் கூடாது. ஏற்கெனவே பல தோல்களைப் பார்த்துக் களைத்துப்போன பழைய சாற்றில்தான் தொடங்க வேண்டும். அடுத்த தொட்டி கொஞ்சம் வலுவானது, அதற்கடுத்தது இன்னும் வலுவானது. தோல் முன்னே போகும், சாறு பின்னே வரும். அவசரப்பட்டு வீரியமான சாற்றைக் கொடுத்தால் தோலின் இருபுறமும் டானின் பாய்ந்து பிடித்துக்கொண்டு, பின்னால் வருகிற டானினுக்கு வழிவிடாது. பெருந்தீயில் வார்த்த அடை மேலே சிவந்து உள்ளே மாவாக நிற்குமே, அதுதான். வெளியே பதமான தோல்; நடுவே பச்சைக் கோடு. அந்தத் தோலில் செருப்பு தைத்தால் முதல் மழைக்கு அது யாரென்று காட்டிவிடும்.

சாற்றின் வலுவைப் பார்க்கப் பார்க்கோமீட்டர் உண்டு. தண்ணீரைவிடச் சாறு எவ்வளவு அடர்த்தி என்று சொல்லும் கண்ணாடி மிதவை அது. அடர்த்தி எண் 1.020 என்றால் 20 பாகை. நல்ல கருவி, நான் தினமும் பயன்படுத்தியது. ஆனால் அது டானினை அளக்காது, சாற்றில் கரைந்திருக்கும் எல்லாவற்றையும் சேர்த்து அளக்கும். சர்க்கரை, உப்பு, பிசின் எல்லாம் கணக்கில் வந்துவிடும். எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்த மேஸ்திரிக்கு இது நன்றாகத் தெரியும். மிதவை ஒரு எண்ணைக் காட்டும்போது அவர் விரலை நனைத்து நாக்கு நுனியில் வைத்துப் பார்ப்பார். "என்ன தம்பி, இது கனமாத்தான் இருக்கு, ஆனா நாக்கை இழுக்கலயே" என்பார். இழுக்கவில்லை என்றால் அது வெறும் சாறு. அவருடைய நாக்கு செய்தது சரியான புரதச் சோதனை. உமிழ்நீரில் புரோலின் மிகுந்த புரதங்கள் இருக்கின்றன. வாய்க்கு வழவழப்பு கொடுப்பவை அவை. டானின் வந்தவுடன் அவற்றைப் பிடித்துத் திரட்டிவிடும், வழவழப்பு போய் வாய் சொரசொரக்கும். உடலியலார் துவர்ப்பை இன்று சுவையைவிடத் தொடு உணர்வோடுதான் அதிகம் சேர்த்துப் பேசுகிறார்கள். அறுசுவையில் அதற்கு ஓர் இடம் கொடுத்த நம் வைத்திய நூலார் ஒப்புக்கொள்வார்களா, தெரியவில்லை. மேஸ்திரி ஒப்புக்கொள்வார். அவர் "துவர்க்குது" என்று சொன்னதேயில்லை, "இழுக்குது" என்பார்.

பிரித்துப் பார்த்தால் டானின்களில் இரண்டு பெரிய குடும்பங்கள். நீரால் உடையக்கூடியவை ஒன்று: கடுக்காய், மாசிக்காய் இந்தப் பக்கம். சர்க்கரையை நடுவில் வைத்துக் கேலிக் அமிலமும் எலாஜிக் அமில வகைகளும் சுற்றி ஒட்டிக்கொண்ட அமைப்பு. மற்றொன்று இறுகிய குடும்பம்: ஆவாரம்பட்டை, கொன்றைப்பட்டை, நீலகிரியிலும் கொடைக்கானலிலும் வெள்ளைக்காரர் காலத்தில் நட்டு இன்று சோலைப் புல்வெளிகளை விழுங்கிக்கொண்டிருக்கும் சீகை மரத்தின் வாட்டில் பட்டை, புளியங்கொட்டையின் மேல்தோல் எல்லாம் இங்கே. பாடப்புத்தகத்தில் இது ஒரு பட்டியல். தொட்டியில் இது தோலின் நிறம், கனம், ஆயுள். இறுகிய வகையால் மட்டும் பதனிட்ட தோல் வெயில் பட்டால் சிவக்கும். ஆவாரம்பட்டைத் தோல் வெளிறிய அழகோடு தொட்டியை விட்டு வரும். வெயிலில் சில நாள் கிடந்தால் முகம் மாறிவிடும். இதற்கு நம் பெரியவர்கள் கண்ட மருந்து கடுக்காய். ஆவாரையிலோ கொன்றையிலோ முழுதாகப் பதனிட்டு, கடைசியில் கடுக்காய்ச் சாற்றில் ஒரு முறை ஊறப்போட்டு எடுத்தால் நிறம் பளிச்சென்று நிற்கும், சிவப்பது தடைபடும். அதற்குப் பிறகு புங்க எண்ணெயோ நல்லெண்ணெயோ தடவி நிழலில் உலர்த்துவது. ஈஸ்ட் இந்தியா தோல் என்று உலகச் சந்தையில் பேர் வாங்கி, பின்னாளில் புவிசார் குறியீடும் பெற்ற சரக்கின் அடிப்படை இவ்வளவுதான். ஈரோடு, திண்டுக்கல், திருச்சி, பல்லாவரம், ஆம்பூர், பேர்ணாம்பட்டு என்று எங்கெல்லாம் அது செய்யப்பட்டதோ, அங்கெல்லாம் இந்த இரு குடும்பங்களையும் ஒரே தோலில் குடிவைக்கும் கை இருந்தது. வேதியியல் பெயர்கள் யாருக்கும் தெரியாது. பட்டைக்குப் பின் கடுக்காய் என்ற வரிசை எல்லோருக்கும் தெரியும்.

கடுக்காயில் மூன்றில் ஒரு பங்கு அளவுக்கு டானின் உண்டு; ஆவாரம்பட்டையில் அதில் ஏறக்குறையப் பாதி. பிறகு ஏன் கடுக்காயை மட்டும் வைத்துப் பதனிடுவதில்லை என்று புதிதாக வருகிற பட்டதாரிகள் கேட்பார்கள். நல்ல கேள்வி. கடுக்காய்ச் சாற்றில் சர்க்கரையும் ஏராளம். அது புளிக்கும், அமிலம் சேரும். டானினும் மெல்ல உடைந்து எலாஜிக் அமிலம் மஞ்சள் பூச்சாகத் தோல் மேல் படியும். தோலும் தனிக் கடுக்காயில் மென்மையாக, பஞ்சு மாதிரி நிற்கும், உடம்பு வராது. பட்டை உடம்பைக் கொடுக்கிறது, கடுக்காய் முகத்தைக் கொடுக்கிறது. சதவீதத்தை மட்டும் பார்த்து மூலப்பொருள் வாங்குகிறவர் எங்கள் தொழிலில் நெடுநாள் நிற்க மாட்டார்.

இரும்பு விஷயத்தைச் சொல்லாமல் விட முடியாது. பட்டைத் தொட்டியருகே இரும்பு வாளி வரக் கூடாது, துருப்பிடித்த ஆணி வரக் கூடாது, ஈரத் தோலின் மேல் இரும்புக் கத்தியைப் போட்டுவிட்டுப் பேசிக்கொண்டிருக்கக் கூடாது. பட்ட இடம் மை போலக் கருக்கும். மையேதான் அது, மாசிக்காய்ச் சாற்றோடு இரும்பு உப்பைச் சேர்த்துச் செய்த மையில்தான் ஐரோப்பாவில் நூற்றாண்டுக் கணக்காக எழுதினார்கள். வாழைக்காய் நறுக்கிய இரும்புக் கத்தி கறுப்பதும் நெல்லிக்காய் அரிந்த அரிவாள்மணை கறுப்பதும் இதே குணம். சாப்பாட்டோடு தேநீர் குடித்தால் உணவிலுள்ள இரும்புச்சத்து உடம்பில் சரியாகச் சேராது என்று மருத்துவர்கள் சொல்வதன் பின்னாலும் இரும்பைப் பிடித்துக்கொள்ளும் இந்தப் பழக்கம் இருக்கிறது. கலம்காரி எழுதுகிறவர்கள் அதையே வரமாக்கிக்கொண்டார்கள்: கடுக்காயும் பாலும் கலந்த நீரில் துணியை நனைத்து உலர்த்தி, இரும்பும் வெல்லமும் ஊறிப் புளித்த கரைசலால் கோடு இழுத்தால் அந்த இடத்திலேயே கறுப்பு பிறக்கும். எங்களுக்கு நஷ்டமாவது அவர்களுக்குச் சித்திரம்.

இனி எனக்கு உறுத்தும் இடத்துக்கு வருகிறேன். கல்லூரி மாணவர்கள் மூலிகைகளை எடுத்துக்கொண்டு 'டானின் உள்ளது' என்று அறிக்கை எழுதுகிறார்கள். எப்படிக் கண்டீர்கள் என்று கேட்டால், ஃபெரிக் குளோரைடு விட்டேன், நிறம் மாறியது என்கிறார்கள். நீலக் கறுப்பு வந்தால் உடையும் வகை, பச்சைக் கறுப்பு வந்தால் இறுகிய வகை என்று புத்தகம் சொல்வது உண்மைதான். ஆனால் அந்தச் சோதனை ஃபீனாலைக் கண்டு நிறம் மாறுகிறது, டானினைக் கண்டு அல்ல. மேலே சொன்ன கேலிக் அமிலம் இருக்கிறதே, தோலை ஒன்றும் செய்யாத அந்தச் சிறு மூலக்கூறு, ஃபெரிக் குளோரைடில் அழகாக நீலக் கறுப்பு காட்டும். உப்பு சேர்த்த ஒரு சதவீத ஜெலட்டின் கரைசலில் அதே சாற்றை ஊற்றிப் பாருங்கள். திரிந்து வெள்ளையாக விழுந்தால் டானின் என்று பேசலாம். விழாவிட்டால் ஃபீனால் என்று எழுதிவிட்டு நகருங்கள். ஜெலட்டின் என்பது வேறொன்றுமில்லை, வெந்த கொலாஜன், தோலின் உறவுக்காரன்.

அளவு சொல்லும்போது குழப்பம் இன்னும் கூடுகிறது. ஃபோலின்-சியோகால்டியூ முறை ஆய்வகங்களில் பிரபலம். அது மொத்த ஃபீனால்களையும் அளக்கும். வைட்டமின் சியையும் சேர்த்து அளக்கும். நெல்லிக்காய்ப் பொடிக்கு அந்த எண்ணை எடுத்து 'டானின் இத்தனை சதவீதம்' என்று டப்பாவில் போட்டால் வாங்குகிறவருக்கு என்ன தெரியும்? தோல் தொழிலில் இதற்கென்று ஒரு பழைய முறை உண்டு. சாற்றில் கரைந்துள்ள மொத்தத் திடப்பொருளை எடை பார்த்து, பிறகு அந்தச் சாற்றில் பதப்படுத்திய தோல் தூளைப் போட்டுக் குலுக்கி வடிகட்டி, மிச்சத்தை மறுபடி எடை பார்ப்பது. தோல் தூள் எடுத்துக்கொண்டது டானின். விட்டுவிட்டது டானின் அல்லாதது. மெதுவான வேலை, நவீனக் கருவிகளின் முன் கொஞ்சம் நாட்டுப்புறமாகத் தெரியும். சென்னை அடையாறில் 1948இல் மத்தியத் தோல் ஆராய்ச்சி நிறுவனம் தொடங்கிய காலத்துக்கு முன்பிருந்தே உலகத் தோல் வணிகம் இந்தக் கணக்கில்தான் பட்டைக்கும் சாற்றுக்கும் விலை பேசியது. எனக்கு இன்றும் அதில்தான் நம்பிக்கை. டானினா இல்லையா என்று முடிவு சொல்ல வேண்டிய நடுவர் தோல்தான்.

தேயிலை பற்றியும் ஒரு வார்த்தை. தேநீரில் டானிக் அமிலம் இருக்கிறது என்று படித்தவர்களே எழுதுகிறார்கள். டானிக் அமிலம் என்பது மாசிக்காய் போன்ற கழலைகளிலிருந்து எடுக்கும் குறிப்பிட்ட ஒரு சரக்கு. வாய்பாடுகூட எழுதலாம், மூலக்கூறு எடை 1701 என்பார்கள். அது தேயிலையில் இல்லை. தேயிலையில் இருப்பவை கேட்டகின்கள். இலை கசங்கிக் காற்றுப்பட்டுப் பழுக்கும்போது அவை சேர்ந்து தியாஃபிளேவின், தியாருபிஜின் ஆகின்றன. நிறமும் இழுப்பும் அவற்றால். பால் ஊற்றினால் துவர்ப்பு அடங்குவது பாலின் கேசீன் புரதம் குறுக்கே நின்று அவற்றைப் பிடித்துக்கொள்வதால். நம் வாய்க்குப் போக வேண்டிய வேலையைப் பால் வாங்கிக்கொள்கிறது.

பட்டைத் தோலின் பெருமை பேசுகிறேன் என்பதற்காக அதன் கணக்கை மறைக்க முடியாது. குரோம் உப்பில் பதனிட்டால் ஒரு நாளில் முடியும் வேலைக்கு எங்களுக்கு வாரங்கள் வேண்டும். பச்சைத்தோல் 60 பாகை செல்சியஸ் சூட்டைத் தாண்டினாலே சுருங்கத் தொடங்கும். பட்டைத் தோல் 80 பாகையை ஒட்டித் தாங்கும். குரோம் தோல் கொதிநீரிலும் அசையாது. சென்னைக்குத் தெற்கே குரோம் லெதர் கம்பெனி இருந்த இடத்துக்குக் குரோம்பேட்டை என்றே பேர் வந்தது என்றால் அந்த முறையின் வேகத்தைப் புரிந்துகொள்ளலாம். பாலாறு கெட்டதற்கும் தோல் தொழில் பொறுப்பு. 1996இல் வேலூர்க் குடிமக்கள் நல மன்ற வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பு எங்கள் எல்லோர் வாசலுக்கும் வந்தது. அப்போது சிலர், பட்டைச் சாறு இயற்கைதானே, அதில் என்ன கெடுதல் என்றார்கள். நான் அந்தக் கட்சியில் சேரவில்லை. பட்டைக் கழிவு நீர் கருத்திருக்கும், தண்ணீரிலுள்ள ஆக்சிஜனைக் குடித்துத் தீர்க்கும், நுண்ணுயிர்களும் அதை எளிதில் தின்னாது. தின்ன முடியாதபடி புரதங்களைப் பூட்டிவைப்பதுதானே டானினின் தொழில். தோல் அழுகாமல் இருப்பதும் ஆறு தன்னைச் சுத்தம் செய்துகொள்ளத் திணறுவதும் ஒரே காரணத்தால். மரம் அதை உண்டாக்கி வைத்திருப்பதும் பூச்சியும் ஆடும் தன்னைத் தின்னாமல் காக்கத்தான். பறவை கொத்தாத சிவப்புச் சோள ரகங்களில் டானின் அதிகம். அந்தச் சோளத்தைக் கோழிக்குப் போட்டால் தீனிப் புரதம் உடம்பில் ஒட்டாமல் போவதும் அதனால்தான். நல்லது கெட்டது என்ற முத்திரை எதுவும் அதன் மேல் ஒட்டாது.

ஆகவே மூலிகைப் பொடி விற்கிறவர்களுக்கும், ஆய்வறிக்கை எழுதுகிற தம்பி தங்கைகளுக்கும் ஒரே ஒரு வேண்டுகோள். டானின் என்று எழுதுங்கள், தடையில்லை. பக்கத்தில் எந்தச் சோதனையில் பார்த்தீர்கள், எந்தப் பொருளுக்குச் சமமாக அளந்தீர்கள் என்பதையும் எழுதிவிடுங்கள். ஜெலட்டின் சோதனை செய்யவில்லை என்றால் ஃபீனால் என்று போடுங்கள். அது குறைவான சொல் ஒன்றும் இல்லை.